என் பெயரில் இருந்த அண்ணியின் நிலம்

மதிப்பிற்குரிய மைத்துனர் கிர்பா ராம் அவர்களுக்கு, பேலி ராம் வணக்கத்துடன் எழுதுவது. இங்கே நானும் உங்கள் தங்கை கம்லேஷும் எருமையும் நலம். மலையில் இந்த வருஷம் பனி சீக்கிரமே இறங்கிவிட்டது. உங்கள் வீட்டில் யாருக்கும் இருமல் வராமல் தேவி பார்த்துக்கொள்ளட்டும்.

ஓடைக்கு மேலே உள்ள நிலத்து வழக்கு என்னவாயிற்று என்று கேட்டிருந்தீர்கள். தோற்றுவிட்டேன். எப்படித் தோற்றேன் என்று கேட்டால் நீங்களே எழுந்து நின்று கை தட்டுவீர்கள்.

என் பெரியப்பா மகன் பர்ஸ் ராம் அண்ணன் பிள்ளையில்லாமல் இறந்தாரல்லவா, அப்போது நிலக்கணக்கு எழுதிய பட்வாரி, அவர் மனைவி ருமாலோ அண்ணி என்று ஒருத்தி இருப்பதையே மறந்து, அவர் நிலத்துக்கு வருவாய்ப் பதிவேட்டில் என் பெயரை எழுதிவிட்டுப் போனார். நான் கேட்கவுமில்லை, வேண்டாமென்று சொல்லவுமில்லை. அண்ணி பாட்டுக்கு மக்காச்சோளம் போட்டாள், புல் அறுத்தாள். போன கோடையில் நீங்கள் வந்தபோதுதான், "பேர் உங்களுது, அப்ப நிலமும் உங்களுதுதான் மாப்பிள்ளை, கேஸ் போடுங்க" என்றீர்கள். போட்டேன்.

முதல் சங்கடம் பஸ். எங்கள் ஊரிலிருந்து கோர்ட் இருக்கும் பாலம்பூருக்குக் காலையில் ஒரே பஸ். கூட்டத்தில் இடம் கிடைத்தது அண்ணி பக்கத்தில்தான். எனக்கு மலைப்பாதை ஒத்துக்கொள்ளாது என்று அவளுக்குத் தெரியும். ஜன்னலோரத்தை எனக்கு விட்டுவிட்டு, "வாந்தி எடுக்காம வாங்க கொழுந்தனாரே. அந்தக் கோலத்துல போனா ஜட்ஜு உங்கமேல இரக்கப்பட்டுடப் போறாரு" என்றாள். பஸ்ஸே சிரித்தது. எதிரியிடம் ஏலக்காய் வாங்கித் தின்றுகொண்டே கோர்ட்டுக்குப் போன வாதி நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

அங்கே அவளுடைய வக்கீல் வரவில்லை, ஏதோ கல்யாணமாம். வாய்தா வேண்டுமா என்று நீதிபதி கேட்டார். "எதுக்குங்கய்யா? இவரு என் கொழுந்தன். நானே கேட்டுக்கறேன்" என்று முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு என் முன்னால் வந்து நின்றாள்.

"உங்க வீட்ல எருமை இருக்கா?"

"இருக்கு அண்ணி."

"மழைக்காலத்துல அதுக்குப் புல்லு யாரு குடுக்கறது?"

என் வக்கீல் கண்ணைக் காட்டினார். சத்தியம் செய்திருக்கிறேனே, என்ன செய்ய? "நீங்கதான்."

"எந்த நிலத்துல அறுத்தது?"

"அந்த நிலத்துலதான்."

"உங்க நிலத்துப் புல்லுன்னா எங்கிட்ட எதுக்கு வந்து கேட்டு வாங்கிட்டுப் போனீங்க?"

"கேக்காம எடுத்தா நீங்க அரிவாளோட வருவீங்களே அண்ணி!"

கோர்ட்டே அதிர்ந்தது. நீதிபதி முகத்தைத் துடைப்பதுபோல் சிரிப்பை மறைத்தார். என் வக்கீல் மெதுவாக உட்கார்ந்து கோப்பைக் கட்டத் தொடங்கினார்.

பிறகு வந்த தீர்ப்பு இது: பதிவேட்டில் பெயர் இருப்பது வரி யாரிடம் வசூலிப்பது என்பதற்குத்தான், அதனாலேயே ஒருவர் சொந்தக்காரராகிவிட மாட்டார். புருஷன் விட்டுப்போனது மனைவிக்கு. பெயரைத் திருத்த வேண்டும். அதைக் கேட்டதும் அண்ணி துள்ளவில்லை, சுவரைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றாள். இத்தனை வருஷம் விடிந்ததும் எழுந்து, யாராவது வந்து விரட்டுவார்களோ என்று பயந்துகொண்டேதான் உழுதாளாம். திரும்பும்போது பஸ்ஸில் சொன்னாள். விரட்ட வந்தவன் நான்தான். அவளோ மக்காச்சோள ரொட்டியைப் பிட்டுப் பாதியை என் கையில் வைத்து, "சாப்பிடுங்க. அடுத்த மழைக்கும் புல்லு உண்டு, அரிவாளுக்குப் பயப்படாம வாங்க" என்றாள். இப்படி ஒருத்தியிடம் தோற்றதை நான் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிகிறேன்.

ஆகவே மேல்முறையீடு கிடையாது. இனி என் கால் கோர்ட் வாசலை மிதிக்காது. உங்கள் குடும்பம் பல்கிப் பெருகட்டும், உங்கள் பசுக்கள் பால் சுரக்கட்டும்.

இப்படிக்கு,
உங்கள் அன்பு மைத்துனர் பேலி ராம்

பி.கு.: திங்கட்கிழமை நாங்கள் மூவரும் கோர்ட்டுக்கு வருகிறோம். உங்கள் அப்பா விட்டுப்போன தோட்டத்துக்குப் பதிவேட்டில் உங்கள் பெயர் மட்டும்தான் இருக்கிறதாமே? மகளுக்கும் பங்கு உண்டு என்று அண்ணி கம்லேஷிடம் சொல்லிவிட்டாள். கோர்ட்டில் உங்களிடம் என்னென்ன கேட்க வேண்டும் என்று இரண்டு பேரும் அடுப்படியில் பேசிப் பேசிச் சிரிக்கிறார்கள். பஸ்ஸில் உங்களுக்கும் இடம் போட்டு வைக்கிறோம்.