‘உங்க பிரியம்’ என்று சொல்லிவிட்டு வந்த மாமாவுக்கு

சேரன்மகாதேவி
16-6-1997

14-6-1997 சனிக்கிழமை காலை பதினொன்று இருபதுக்கு, சென்னை ஹைகோர்ட்டில், நாம் மூன்று பேர் சேர்ந்து ஒரே ஒரு வக்கீலிடம் தோற்றோம் என்பதை முதலில் பதிவு செய்துகொண்டு, ஆழ்வார்குறிச்சி குற்றாலலிங்கம் மாமா அவர்களுக்கு மருமகன் சிவகணேஷ் வணக்கம். இங்கு எல்லோரும் சுகம், அப்பாவின் இடது தொடையைத் தவிர.

சைக்கிளில் போன அப்பாவை லாரி அடித்ததற்குத் திருநெல்வேலியில் நஷ்டஈடு நியாயமாகத்தான் தீர்ப்பானது. இன்ஷூரன்ஸ் கம்பெனி அப்பீல் போனது. அப்பீல் முடிய வருஷக்கணக்காகும், சனிக்கிழமை லோக் அதாலத்தில் சமரசம் பேசினால் பணம் உடனே வரும் என்றார்கள். தொடையில் வைத்த தகடு வளைந்துவிட்டது, ஆவணிக்குள் மாற்றாவிட்டால் கால் கோணலாகவே நின்றுவிடும் என்று டாக்டர் சொன்னதால்தான் நான் ஒத்துக்கொண்டேன். உங்களைக் கூட்டிப்போகச் சொன்னது அம்மா. “ஊருல பாதிக் கல்யாணம் எங்கண்ணன் பேசி முடிச்சதுலே” என்றாள்.

நான் டிப்ளமோ மெக்கானிக்கல். லாரியின் பிரேக் தடத்தை டேப் வைத்து அளந்து, ஸ்கேல் போட்டு வரைந்து, சுருட்டிக் கொண்டுவந்தேன். நீங்கள் வெற்றிலை பாக்கும் ஒரு சீப்புப் பழமும் கொண்டுவந்தீர்கள். கேட்டால், “நல்ல காரியம் பேச வெறுங்கையோடயாலே போவாங்க?” கம்பெனி வக்கீலுக்குப் பூர்வீகம் அம்பாசமுத்திரம் என்று தெரிந்ததுதான் தாமதம், கேஸ் கட்டை ஓரமாகத் தள்ளிவிட்டு, அவருக்கு யார் பெரியம்மா, யார் கொழுந்தியாள் என்று கிளறி, அவரை மச்சான் முறையாக்கிவிட்டீர்கள். அவர் தீர்ப்புத் தொகையில் பாதி தருகிறோம் என்றார். நான் வரைபடத்தை விரிப்பதற்குள் நீங்கள் கைகூப்பி, “நமக்குள்ள என்ன மச்சான், உங்க பிரியம்” என்றீர்கள்.

பிரியமா? நகை பேசும்போது மாப்பிள்ளை வீட்டார் சொல்லுகிற வார்த்தை மாமா அது. கேட்டதும் பெண் வீட்டார் வெட்கப்பட்டுக் கூடப் போடுவார்கள். இன்ஷூரன்ஸ் கம்பெனிக்கு ஏது வெட்கம்? தலை கொதித்து டீக்கடைக்குப் போய்விட்டேன். திரும்பி வந்தால் அப்பா கையெழுத்துப் போட்டு முடித்திருந்தார், வக்கீல் நம் பழத்தை உரித்துக்கொண்டிருந்தார். ரயிலில் வீடு வரை நான் ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்க என்ன இருக்கிறது? அளக்காமல் பேசுகிறவர்களால்தான் நாடு இப்படிக் கிடக்கிறது. இந்தச் சமரசத்தின் மேல் அப்பீலும் கிடையாதாம்.

ஆகவே இனி நான் செய்யப்போவது:

1. அப்பாவின் ஆபரேஷனுக்கு என் பைக்கை விற்பேன்.
2. உங்கள் வீட்டுப் படி மிதிக்க மாட்டேன். அத்தை சொதிக் குழம்பு வைக்கும் நாள் மட்டும் விதிவிலக்கு.
3. எனக்குப் பெண் பார்க்கும் பொறுப்பை உங்களிடமிருந்து பிடுங்கிக்கொள்கிறேன். நானே பேசிக்கொள்வேன்.

அத்தைக்கு வணக்கம். உங்களுக்கு ஒன்றுமில்லை.

சிவகணேஷ்

பி.கு. இன்லண்ட் லெட்டரை ஒட்டிய பிறகு வெளிமடிப்பில் எழுதுகிறேன். “காலையிலேர்ந்து யாருக்குலே எழுதுத?” என்று அப்பா கேட்டார். சொன்னேன். சிரிக்கிறார். “நீ டீ குடிக்கப் போன பொறவு வக்கீலு பேனாவ மூடிட்டாருலே. ‘மச்சான் பிரியம்னுட்டாரே, இனி கொறச்சா அம்பாசமுத்திரத்துல நான் எப்படித் தலைகாட்ட’ன்னு கம்பெனி அதிகாரிகிட்டப் போயி சண்டை போட்டு, முழுசையும் வாங்கிக் குடுத்தாரு. வட்டிய மட்டுந்தான் ஒங்க மாமா விட்டாரு. அடுத்த மாசம் ஆபரேஷன்.” ஏன் சொல்லவில்லை என்றேன். “நீ கேட்டியா?”

மாமா, இதைப் பிரிக்காமல் திருப்பி அனுப்பவும். பிரித்துவிட்டிருந்தால், மூன்றாவதை மட்டுமாவது அடித்துவிடவும்.