சிடோனி என்ற பெயருக்கு நான் சொன்ன விளக்கம்

சில மனிதரின் கையில் ஒலிவாங்கியைக் கொடுக்கக் கூடாது. குடித்துவிட்டு வருபவர்களைச் சொல்லவில்லை, அவர்களைச் சனம் மன்னித்துவிடும். ஒரு விஷயத்தைப் பற்றிக் கொஞ்சம் வாசித்துவிட்டு, வாசித்த முழுவதையும் அன்றைக்கே கொட்டித் தீர்க்க வேண்டும் என்று துடிப்பவர்களைச் சொல்கிறேன். நான் அந்த இனம். வாழ்க்கையில் ஒரேயொரு தடவைதான் மேடை ஏறினேன். அதற்குப் பிறகு எங்கள் தேவாலயப் பங்கில் ஒருவரும் என்னிடம் நன்றியுரைகூடக் கேட்டதில்லை.

எங்களுக்குத் திருகோணமலையில், துறைமுகத்துக்கு இறங்கும் தெருவில் ஒரு மலர்ச்சாலை. பெயரைப் பார்த்து மாலை வாங்க வந்து, உள்ளே வரிசையாகச் சாத்தி வைத்திருக்கும் சவப்பெட்டிகளைக் கண்டு செருப்பைக்கூட எடுக்காமல் ஓடிய வெளியூர்க்காரர் உண்டு. பெட்டி செய்வது, பிரேதத்தைக் குளிப்பாட்டி உடுத்திவிடுவது, பெட்டிக்குள் விரிக்கும் வெள்ளைத் துணியைத் தைப்பது எல்லாம் அப்பாதான். நான் வாகனம் ஓட்டுவேன், பூச்சாடி துடைப்பேன், அழுகிற ஆட்களுக்குத் தண்ணீர் கொடுப்பேன்.

ஊரில் எல்லோருக்கும் அப்பா தேவை. ஆனால் ஒருவருக்கும் அவர் முகத்தில் விழிக்க விருப்பமில்லை. கல்யாண அழைப்பிதழைத் தரும்போதே, “அண்டைக்கு உங்களுக்கு வேலை இருக்கும், வர ஏலாதுதானே” என்று பதிலையும் அவர்களே சொல்லிவிட்டுப் போவார்கள். அப்பாவும் அதைத் தப்பென்று நினைத்ததில்லை. அவருக்கே ஒரு கட்டுப்பாடு இருந்தது. பிரேதத்தைத் தொட்ட கையால் கைக்குழந்தையைத் தொட மாட்டார். நான் எழும்பி நடக்கிற வரைக்கும் அவர் என்னைத் தூக்கியதே இல்லை என்று அம்மா சொல்லியிருக்கிறார். (நான் மெல்லத்தான் நடந்தேனாம். எல்லாவற்றிலும் அப்படித்தான்.)

அண்ணாவால் இதைத் தாங்க முடியவில்லை. பள்ளிக்கூடத்தில் அவருக்குப் ‘பெட்டி’ என்று பட்டப்பெயர். மீசை முளைத்த கையோடு பிரான்ஸுக்குப் போய்விட்டார். அம்மா செத்தபோது அவருக்கு அங்கே விசா கிடைத்திருக்கவில்லை, வர முடியவில்லை. அம்மாவுக்குப் பெட்டி செய்தது அப்பாதான் என்று கேள்விப்பட்டு, தொலைபேசியில், “இனியாவது அந்தக் கடையை மூடுங்கோ” என்று கத்தினார். “அப்ப இந்தச் சனத்தை ஆர் அடக்கம் பண்ணிறது?” என்று கேட்டுவிட்டு அப்பா தொலைபேசியை வைத்துவிட்டார். அதன்பிறகு பல வருசம் இருவரும் நேரே கதைக்கவில்லை. கதையெல்லாம் என் ஊடாகத்தான்.

பிறகு அண்ணா பாரிசில் கல்யாணம் செய்தார். அண்ணி அங்கேயே வளர்ந்தவர். பெண் குழந்தை பிறந்தது. சின்ன வயதில் தன்னைப் பார்த்துக்கொண்ட பக்கத்து வீட்டுக் கிழவியின் பெயரை அண்ணி குழந்தைக்கு வைத்தார்: சிடோனி. பிரான்ஸிலேயே இப்போது யாரும் வைக்காத பழைய பெயராம். அப்பாவிடம் செய்தியைச் சொன்னேன். அதன்பிறகு அவர் தையல் மெஷினை மிதித்துக்கொண்டே அந்தப் பெயரை மெதுவாகச் சொல்லிப் பழகுவது முன்கடை வரைக்கும் கேட்கும்.

குழந்தைக்கு ஊரில் வைத்து ஞானஸ்நானம் கொடுப்பது என்று முடிவாயிற்று. அண்ணா எனக்குத் தொலைபேசி எடுத்து இரண்டு விஷயம் சொன்னார்.

“அண்ணியின்ர அம்மாவும் வாறா. அவவுக்கு எங்கட கடை பற்றி ஒண்டும் தெரியாது. மேசை கதிரை செய்யிற தளபாடக் கடை எண்டு சொல்லி வச்சிருக்கிறன். ஒருத்தரும் வாய் திறக்கப்படாது.”

“மற்றது?”

“பேரைப் பற்றி எல்லாரும் கேக்கினம். நீ பிரெஞ்சு படிச்சனிதானே. மண்டபத்தில நல்ல தமிழில ரண்டு வசனம் சொல்லு. ரண்டு போதும்.”

நான் பிரெஞ்சு படித்தது உண்மைதான். பிரான்ஸுக்குப் போகும் ஆசையில் ஒரு மாடி அறை வகுப்பில் சில மாதம் குந்தியிருந்தேன். ‘என் பெயர் இது’, ‘ரயில் நிலையம் எங்கே’ என்ற அளவுக்கு வந்தபோது விசா தரமாட்டோம் என்று சொல்லிவிட்டார்கள். ஆனாலும் வீட்டில் நான்தான் பிரெஞ்சுப் பண்டிதர். பண்டிதருக்கு இரண்டு வசனம் போதுமா? இணையத்தில் இறங்கி, அந்தப் பெயரின் வேர் வரைக்கும் தோண்டினேன்.

அப்பா தன் பக்கத்தில் வேறொரு ஏற்பாடு செய்தார். ஞானஸ்நானத்துக்கு ஒரு கிழமைக்கு முன்பிருந்தே பிரேத வேலையை நிறுத்தி, வந்த சாவுகள் எல்லாவற்றையும் ஊரில் இருக்கிற மற்றக் கடைக்கு அனுப்பினார். மண்டபத்தில் கேக் வெட்டும் முன் பேத்தியை ஒரு தடவை கையில் வாங்க வேண்டும். அவ்வளவுதான் அவருடைய ஆசை. அண்ணாவும் அரைமனதோடு சம்மதித்திருந்தார். குழந்தைக்குரிய வெள்ளை உடுப்பையும் தொப்பியையும் அப்பாவே தைத்தார். கொழும்பிலிருந்து புதிதாக வந்த துணிக்கட்டைப் பிரித்து, முதல் இரண்டு முழத்தை அதற்கென்று வெட்டினார். மிச்சம் எதற்கு என்று உங்களுக்குத் தெரியும்.

“தையல்காரி தைச்சது எண்டு சொல்லு,” என்றார் என்னிடம்.

அந்த நாளும் வந்தது. மாமி, அதாவது அண்ணியின் அம்மா, பல்லி சொன்னாலே பயணத்தைத் தள்ளிப்போடுகிற ஆள். ஆனால் அன்றைக்கு நல்ல சந்தோசத்தில் இருந்தார். உடுப்பைத் தடவித் தடவி, “இப்பிடித் துணி பாரிசிலயும் எடுக்க ஏலாது” என்று எல்லோருக்கும் காட்டினார். கோவில் வாசலில் அப்பாவைக் கண்டு மரியாதையாகக் கதை கொடுத்தார்.

“தளபாடம் செய்யிறனீங்களாம். கட்டிலும் செய்யிறனீங்களோ?”

அப்பாவுக்குத் தன் வாயால் பொய் சொல்ல வராது. “ஓம். ஒராள் படுக்கிறது மட்டுந்தான்,” என்றார்.

“நல்ல பாரமான மரமோ?”

“தூக்க ஆறு பேர் வேணும்.”

அண்ணா என்னைப் பார்த்தார். நான் வானத்தைப் பார்த்தேன்.

கோவிலில் எல்லாம் நல்லபடி நடந்தது. குழந்தை அழக்கூட இல்லை. பங்கு மண்டபத்துக்கு வந்தோம். ரோல்ஸ், கட்லட், சோடா. நடு மேசையில் பெயர் எழுதிய கேக். அப்பா சுவரோடு ஒரு கதிரையில் இருந்து, துவைத்த கைலேஞ்சியால் கையைத் துடைத்துத் துடைத்துக் காத்துக்கொண்டிருந்தார். என் பேச்சு முடிய அவர் முன்னால் வர வேண்டும். அப்படித்தான் ஏற்பாடு.

நான் ஒலிவாங்கியைப் பிடித்தேன்.

“சிடோனி என்றால் சீதோன் ஊர்ப் பெண். சீதோன் வேதாகமத்தில் வருகிற பழைய துறைமுகப் பட்டினம். நாங்களும் துறைமுகக்காரர். ஆகவே இந்தப் பிள்ளை எங்கே பிறந்தாலும் எங்கள் ஊர்ப் பிள்ளைதான்.”

மண்டபம் கைதட்டியது. பாதர் தலையை ஆட்டினார். மாமி கண்ணைத் துடைத்தார். அண்ணாகூடச் சிரித்தார். அந்த இடத்தில் நான் ஒலிவாங்கியைக் கீழே வைத்திருந்தால், இன்றைக்கு எங்கள் குடும்பத்தில் பெரிய மனிதன் நான். ஆனால் எனக்கு அதற்கு முன் யாரும் கைதட்டியதில்லை. என் தொழிலில் அதற்கு இடமில்லை.

“இன்னொரு விளக்கமும் இருக்கு,” என்றேன்.

அண்ணா சிரிப்பை நிறுத்தினார்.

“கிரேக்க மொழியில் ‘சிந்தோன்’ என்றால் மெல்லிய துணி. எங்கள் ஆண்டவரின் திருவுடலைச் சுற்றி அடக்கம் செய்த துணி. அந்தத் துணிக்கு முற்காலத்தில் ஒரு திருநாள் இருந்தது. அந்த நாட்களில் பிறந்த பெண் குழந்தைகளுக்கு இந்தப் பெயரை வைப்பார்கள் என்று ஆராய்ச்சியாளர் சொல்கிறார்கள். அதாவது இந்தப் பெயருக்குப் பொருள், பிரேதம் சுற்றுகிற துணி.”

உண்மையாகச் சொல்கிறேன், அந்த வார்த்தையில் பயங்கரம் இருக்கிறது என்று எனக்குத் தோன்றவேயில்லை. மீன் விற்கிறவன் வீட்டில் மீன் நாறாது. அந்தத் துணியின் மேல் படுத்துத்தான் நான் பாடம் படித்தேன். மழை நாளில் அதையே போர்த்திக்கொண்டு படுத்தேன். மண்டபம் அமைதியாகிவிட்டதைப் பார்த்து, சனம் உருகிப்போய் இருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். எல்லோரையும் இன்னும் கொஞ்சம் உருக்குவோம் என்று தொடர்ந்தேன்.

“இதைவிட எங்கள் குடும்பத்துக்குப் பொருத்தமான பெயர் வேறில்லை. ஊரில் இந்தத் துணியின் தரம் எங்களைப் போல அறிந்தவர் இல்லை. இப்போது பிள்ளை உடுத்தியிருக்கிறதும் எங்கள் கடையில் பெட்டிக்குள் விரிக்கிற அதே துணிதான். அப்பா தன் கையால் தைத்தது.”

மாமி கேட்டார், மிகவும் தணிந்த குரலில்: “எந்தப் பெட்டி?”

மண்டபம் முழுவதும் அப்பாவைத் திரும்பிப் பார்த்தது. மாமிக்கு அது போதும்.

குழந்தை அவருடைய மடியில்தான் இருந்தது. முதலில் தொப்பி கழன்றது. பிறகு முதுகுப் பொத்தான்கள் ஒவ்வொன்றாக அறுந்து தரையில் ஓடின. உடுப்பைக் கழற்றி வீசிவிட்டு, நப்பியோடு கிடந்த குழந்தையைச் சுற்றுவதற்குக் கேக் மேசை விரிப்பை இழுத்தார். கேக் தப்பியது, ரோல்ஸ் தட்டு தப்பவில்லை. (அந்த விரிப்பும் எங்கள் கடையிலிருந்து வந்ததுதான். அதை மட்டும் நான் சொல்லவில்லை. அவ்வளவு புத்தி அதற்குள் வந்துவிட்டது.) குழந்தை அப்போதுதான் அழத் தொடங்கியது. மாமி அதைத் தூக்கிக்கொண்டு வெளியே போனார். பின்னால் அண்ணி ஓடினார். அண்ணா என்னிடம் வந்து ஒலிவாங்கியைப் பிடுங்கினார். அதை வைத்து அடிக்கப் போகிறார் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நல்லது. அவர் அதன் சுவிட்சை அணைத்து, மெதுவாக மேசையில் வைத்துவிட்டுப் போனார்.

அப்பா எழுந்து வந்து, குனிந்து அந்த உடுப்பை எடுத்தார். தூசி தட்டி, நாலாக மடித்து, சேட்டுப் பைக்குள் வைத்துக்கொண்டு நடந்து வீட்டுக்குப் போனார்.

அவர்கள் உப்புவெளியில் ஒரு விருந்தினர் விடுதியில் தங்கியிருந்தார்கள். மறுநாள் காலை அப்பாவை அங்கே கூட்டிக்கொண்டு போனேன். அப்பா வாசலைத் தாண்டவில்லை. அண்ணா வெளியே வந்தார்.

“நான் ஒரு கிழமையா ஒருத்தரையும் தொடேல்ல, மகன்,” என்றார் அப்பா. “துணி மட்டுந்தான் தைச்சனான். அது புதுத் துணி.”

அண்ணா நிலத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். “மாமி உள்ளுக்கு அழுறா, அப்பா. பிள்ளைக்குக் காய்ச்சல் மாதிரிக் கிடக்கு. இப்ப ஏலாது.”

“காய்ச்சலோ?” என்றார் அப்பா. உடனே திரும்பி நடந்து ஓட்டோவில் ஏறிவிட்டார். அன்றைக்கே அவர்கள் கொழும்புக்குப் புறப்பட்டார்கள். காய்ச்சல் வெறும் பல் முளைக்கிற காய்ச்சல்தான். ஆனால் மாமி இன்றைக்கும் அதற்கு என்னைத்தான் காரணம் சொல்கிறார்.

அதற்குப் பிறகு அப்பா பேத்தியைத் தொலைபேசியின் கண்ணாடியில் மட்டுமே பார்த்தார். அதுவும் அண்ணி எடுத்தால்தான். அப்போதும் தொலைபேசியை நான்தான் பிடிக்க வேண்டும், அவர் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நிற்பார். நான் பலதடவை மன்னிப்புக் கேட்டேன். “நீ பொய் சொல்லேல்லத்தானே,” என்பார். அதைக் கேட்க எனக்கு இன்னும் கேவலமாக இருக்கும்.

அப்பா நெஞ்சுவலியில் செத்தபோது சிடோனிக்கு முன்பல் விழுந்து முளைத்திருந்தது. நானே அவரைக் குளிப்பாட்டினேன், நானே துணி விரித்தேன். அண்ணா குடும்பத்தோடு வந்தார். மாமியும் வந்தார். வருவார் என்று நான் நினைக்கவில்லை. அண்ணா பெட்டியின் தலைமாட்டில் மரம் மாதிரி நின்றார், ஒரு துளி கண்ணீர் வரவில்லை. ஊர்ப் பெண்கள் அதைக் கவனித்துத் தங்களுக்குள் குசுகுசுத்தார்கள்.

சிடோனி பெட்டியின் ஓரத்தைப் பிடித்து எட்டிப் பார்த்தாள். என் மேடைப் பேச்சின் கதை பாரிசில் அவளுக்குச் சோறு ஊட்டும்போது சொல்லும் கதையாம். அப்பாவின் மேல் கிடந்த துணியை விரலால் தொட்டாள்.

“சித்தப்பா, இதுதானா நான்?”

“ஓம் பிள்ளை,” என்றேன். முதலில் சிரித்தது அண்ணா. அடக்க அடக்க ஏலாமல், வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். மாமி சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். அந்தச் சிரிப்பின் நடுவிலேயே அண்ணாவின் குரல் உடைந்தது. அப்பாவின் நெஞ்சில் விழுந்து, அத்தனை வருசத்தையும் சேர்த்து அழுதார்.

இன்றைக்கும் கடைக்குத் துணிக்கட்டு வந்தால் அண்ணா பாரிசிலிருந்து கேட்பார்: “சிடோனி மீற்றர் என்ன விலை போகுது?” எங்கள் வீட்டில் யார் அதிகம் கதைத்தாலும், “இன்னொரு விளக்கமும் இருக்கோ?” என்று வாயை அடைத்துவிடுவார்கள். எனக்குக் கோபம் வருவதில்லை.

ஆனால் அன்று சிடோனி அடுத்துச் சொன்னதை நாங்கள் பகிடியாகச் சொல்வதில்லை. எல்லோரும் அழுதுகொண்டிருக்கும்போது அவள் அந்தத் துணியை அப்பாவின் தோளைச் சுற்றி நன்றாக இழுத்துச் செருகினாள்.

“அப்ப நான் அப்பப்பாவைத் தூக்கி வச்சிருக்கிறன்,” என்றாள்.

பெட்டியை மூட வேண்டியது நான்தான். எத்தனையோ பெட்டி மூடிய கை. அன்றைக்கு மூடியைப் பிடிக்க அண்ணாவும் கூட வர வேண்டியிருந்தது.