மாமா சாட்சி சொன்ன பத்திரம்

அரியலூர் பத்திர ஆபீஸில் நான் போட்ட சண்டையைப் பற்றி என் குடும்பத்தார் சொல்வதில் பாதிதான் பொய். மீதிப் பாதியை நானே ஒப்புக்கொண்டுவிடுகிறேன்.

எண்பதுகளின் தொடக்கம். பெரம்பலூரில் ஓர் அரசு அலுவலகத்தில் நான் டைப்பிஸ்ட். கணவருக்கு அரியலூரில் லாரி ஆபீஸ் வேலை. அங்கே ஒரு கூட்டுறவு வீட்டுச் சங்கம் கீழும் மேலுமாக எட்டு வீடுகளை அடுக்கிக் கட்டி உறுப்பினர்களுக்கு விற்றது. மாடியில் ஒரு வீட்டுக்கு என் பெயரில் பணம் கட்டினேன். செந்துறையிலிருந்த மாமனாருக்குப் பிடிக்கவில்லை. நிலமே இல்லாமல் அடுத்தவன் தலைக்கு மேல் ஒரு வீடா, பூசணிக் கொடியை எங்கே நடுவாய் என்று கேட்டார். (அன்றிலிருந்து நான் பூசணிக்காய் சமைப்பதையே விட்டேன்.)

சொந்த வீடு இல்லாத உறுப்பினர் வாங்கினால் முத்திரைத் தீர்வையில் பாதி தள்ளுபடி என்று ஓர் அரசாணை இருந்தது. அதை மூன்று பிரதி டைப் அடித்து, சிவப்பு மையில் கோடு போட்டு வைத்துக்கொண்டேன். இந்த ஊரில் யாருமே இதைக் கேட்டதில்லை, எதற்கு வம்பு என்றார் பத்திரம் எழுதுகிறவர். யாரும் கேட்காததால்தான் கேட்கிறேன் என்று சொல்லி, பாதித் தீர்வைக்கு மட்டும் முத்திரைத்தாள் வாங்கினேன்.

இரண்டு சாட்சி வேண்டும். ஒருவர் கணவரின் நண்பர். இன்னொருவராக, சமாதானம் ஆகட்டும் என்று கணவர் தன் அப்பாவையே அழைத்திருந்தார். கஞ்சி போட்ட வேட்டியில் வந்து உட்கார்ந்தார் மாமனார்.

சப் ரிஜிஸ்திரார் அரசாணையைப் புரட்டிவிட்டு, மேலே எழுதிக் கேட்க வேண்டும் என்றார். நான் எழுந்து நின்று முழு ஆணையையும் உரக்கப் படித்தேன். (எனக்கு அப்போது வயது இருபத்தாறு. குரல் ஒலிபெருக்கி.) வெளியே முத்திரைத்தாள் விற்பவர்கூட எட்டிப் பார்த்தார். கடைசியில் அதிகாரி அலுத்துப்போய், வேறு வீடு இல்லை என்று எழுதிக் கையெழுத்துப் போடச் சொன்னார். 'எனக்கு எங்கும், எவ்விதத்திலும் சொந்த வீடு கிடையாது' என்று எழுதி, அதையும் உரக்கப் படித்தேன்.

"அது தப்புங்கய்யா."

பின்னாலிருந்து மாமனார்.

"செந்துறை வூடு இந்தப் புள்ள பேர்லதான் இருக்கு. போன தை மாசம் செட்டில்மெண்ட் எழுதி ரிஜிஸ்தர் பண்ணிட்டேன்."

கணவர் வாயைத் திறந்தபடி நின்றார். அவருக்கே தெரியாது. நான் சொன்னதை நினைத்தால் இப்போதும் காது சுடுகிறது.

"சார், அது வீடே இல்ல. ஆட்டுக் கொட்டகை."

அவ்வளவுதான். மாமனார் சாட்சி வேலையை விட்டு வக்கீல் வேலைக்கு மாறினார். தேக்கு உத்தரம், ஆறு தூண், வற்றாத கிணறு. நான் ஒழுகும் ஓட்டைச் சொன்னால் அவர் திண்ணை வைத்த வாசலைச் சொன்னார். அதிகாரி பேனாவை மூடி வைத்துவிட்டுக் கேட்டார்.

பிறகு அவரே ஒரு வழி சொன்னார். அந்த வீட்டை நான் ஏற்றுக்கொள்ளவில்லை என்று எழுதிக் கொடுத்தால் தள்ளுபடி கிடைக்கும்.

பேனாவை எடுத்துவிட்டேன். மாமனார் யாரையும் பார்க்காமல் பேசினார்.

"நாங்க ரெண்டு தலமொற அடுத்தவன் வயல்ல கூலிக்குப் போயி கட்டுன வூடுங்க. எம் மவன் யாரு கேட்டாலும் குடுத்துட்டு வந்துருவான். இந்தப் புள்ள விடமாட்டா. அதான் எழுதுனேன்."

பேனாவை வைத்தேன். பணிந்துவிட்டேன் என்று நினைக்க வேண்டாம். அதே குரலில்தான் சொன்னேன்: "தள்ளுபடி வேண்டாம் சார். முழுசாக் கட்டறேன். எனக்கு ரெண்டு வீடு இருக்கு."

சொல்லிவிட்டேன், கையில் பணம் இல்லை. பத்திரத்தைச் சுருட்டிக்கொண்டு திரும்பி, வளையலை அடகு வைத்து, மறுவாரம் போய்ப் பதிந்தேன். சண்டை போட்ட அன்று மூவரும் பஸ் ஸ்டாண்டுக்கு நடந்தே போனோம். செந்துறை பஸ்ஸில் ஏறும்போது மாமனார் மெதுவாகக் கேட்டார், "ஆட்டுக் கொட்டகையாம்மா?"

தெரியாமல் வந்த வீடு சொந்த வீட்டுக் கணக்கில் சேராது என்று பின்னர் மூன்று மனு போட்டேன். பதில் வரவில்லை. நான் சொன்னதுதான் சரி, இன்றும் சொல்வேன்.

மகனுக்குப் பெண் பார்க்கப் போனபோது, சம்பந்தி சொந்த வீடு உண்டா என்று விசாரித்தார். என் கணவர் முகத்தில் சிரிப்பே இல்லாமல், "ஒண்ணு மாடி வீடுங்க. இன்னொண்ணு ஆட்டுக் கொட்டகை" என்றார். மகன் காபியைச் சட்டையில் சிந்திக்கொண்டான்.

"ஆறு தூண் வச்ச கொட்டகை" என்று நான் திருத்தினேன்.