ஐந்து ஓட்டும் ஒரு பின்கதவும்

வீட்டின் பின்பக்கம் டக், டக் என்று ஏதோ சத்தம். நின்றது. மறுபடி டக்.

இருட்டி ஒரு மணி நேரம்கூட ஆகவில்லை. என் கணவர் பின்கதவை விரியத் திறந்து இருட்டைப் பார்த்தார். கதவை அப்படியே விட்டுவிட்டு, நோட்டுப் புத்தகத்தோடு கூடத்தில் வந்து உட்கார்ந்தார். ஊழியர் சங்கச் செயலாளர் அவர். எங்கள் வீட்டில் குளிக்கிற சோப்பை மாற்றுவதற்குக்கூட ஓட்டெடுப்புதான்.

அவர் மடியில் ஏழு மாதக் குழந்தை. பத்தடி தள்ளித் திறந்த கதவு.

"கதவைச் சாத்திடலாங்க."

"என்ன சத்தம்னு தெரியாம சாத்தினா அது கோழைத்தனம். யாராவது போய்ப் பார்க்கணும். யாருங்கிறதை எல்லாருமாச் சேர்ந்து முடிவு பண்ணுவோம். தம்பி போகணுங்கிறது என் கருத்து. ஆதரிக்கிறவங்க கை தூக்கலாம்."

தன் கையைத் தூக்கினார். குழந்தையின் கையையும் தூக்கினார். "ரெண்டு."

கொழுந்தன் பதறினார். "அண்ணா, அது தூங்குது!"

"தூங்குறவங்களுக்கும் உரிமை உண்டுடா. சங்கத்துல பாதிப் பேர் அப்படித்தான்."

கொழுந்தனும் மாமியாரும் எதிர்த்துக் கை தூக்கினார்கள். இரண்டுக்கு இரண்டு. நான் கான்வென்ட் பழக்கத்தில், பேச அனுமதி கேட்டுக் கையை உயர்த்தினேன்.

"நீ எந்தப் பக்கம்?"

"கதவைச் சாத்துற பக்கங்க."

"செல்லாத ஓட்டு" என்று எழுதிக்கொண்டார்.

டக். இந்த முறை இன்னும் கிட்டே. குழந்தை விழித்து வீறிட்டது. வாங்கித் தோளில் போட்டுக்கொண்டேன். பயத்திலேயே எனக்குக் குரல் வந்துவிட்டது.

"நீங்க போகணுங்கிறது என் கருத்து. ஆதரிக்கிறவங்க கை தூக்கலாம்."

என் கை. குழந்தையின் கை. கொழுந்தன் இரண்டு கையையும் தூக்கினார். மாமியாரும் மெல்லத் தூக்கினார்.

"குழந்தை ஓட்டு செல்லாது!"

"கழிச்சுக்கோண்ணா. அப்பவும் மூணு."

"அம்மா, நீ எப்படிக் கை தூக்கலாம்?"

"தலைவன்னா முன்னாடி போகணும்டா."

ஒரு கையில் டார்ச், மறு கையில் மடக்கிய குடை. போருக்குப் போகிறவர் மாதிரி எங்கள் ஒவ்வொருவர் முகத்தையும் பார்த்துவிட்டு வெளியே இறங்கினார்.

சற்று நேரத்தில் இருட்டுக்குள்ளிருந்து குரல் வந்தது. "வாளிதான்! காத்துல உருண்டு சுவத்துல இடிக்குது! நான் வர்ற வரைக்கும் கதவைச் சாத்திடாதீங்க!"

கொழுந்தன் நோட்டைக் கையில் எடுத்தார். "இது புது விஷயம் அண்ணி. ஓட்டுக்கு விடணும்."

"அவன் உள்ள வந்தா வாளியைப் பத்தி ஒரு கூட்டம் போடுவான்" என்றார் மாமியார். யாருடைய கருத்தையும் கேட்காமல் எழுந்து போய், கதவைச் சாத்தி, உள்ளே தாழ்ப்பாளைப் போட்டார்.