கைப்பக்குவம்

மிக்ஸி மூடியைத் திறந்து ஒரு ஸ்பூன் எடுத்து நாக்கில் வைத்தார் கண்ணாடிக்காரர். கசந்தது. மாத்திரையை விழுங்காமல் மென்றுவிட்ட மாதிரி, தொண்டை வரை இறங்கி நின்ற கசப்பு. பப்பாளியும் அன்னாசியும் பாலோடு சேர்ந்தால் இப்படி ஆகும் என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை. அவர் யாரையும் கேட்கவும் இல்லை. கேட்க முடியாத நிலையில் இருந்தார்.

இன்னும் கொஞ்ச நேரத்தில் முதலாளியம்மா வந்துவிடுவார். தன் அப்பாவையும் கூட்டிக்கொண்டு வருவார். இருவர் முன்னாலும் கண்ணாடிக்காரர் தன் கையால் ஸ்மூத்தி செய்து காட்ட வேண்டும். அதை அவர் வாழ்க்கையில் ஒரு தடவைகூடச் செய்ததில்லை.

மூக்குக்கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிப்பது அவர் வேலை. நாற்காலியில் உட்காருபவர்களின் கண்முன் வில்லைகளை மாற்றி மாற்றிப் போட்டு, "முதல்ல போட்டது தெளிவா, இப்ப போட்டது தெளிவா?" என்று கேட்பார். பகல் முழுக்க அவர் பேசும் பேச்சு அவ்வளவுதான். கடையில் அதை அடக்கம் என்றார்கள். வீட்டில் மனைவி ஊமைக்கோட்டான் என்றாள்.

அந்தக் குணம்தான் இப்போது வினையாகிவிட்டது.

போன வாரம் கடையில் ஆளுக்கொன்று கொண்டுவந்து எல்லாரும் சேர்ந்து சாப்பிட்டார்கள். அவர் நீல ஃபிளாஸ்க் நிறைய ஸ்மூத்தி கொண்டுபோனார். வீட்டுக்கு யார் வந்தாலும் மனைவி அதைத்தான் தருவாள். சொந்தக்காரர்கள் மத்தியில் அதற்கென்று ஒரு பெயரே உண்டு. அவள் கார் ஓட்டக் கற்றுத்தரும் காலை வகுப்பு முடிந்து வந்ததும், அவர் குளித்துவிட்டு வெளியே வருவதற்குள், ஃபிளாஸ்க் மேஜைமேல் தயாராக இருக்கும். மிக்ஸி ஓடும் சத்தம் ஒருநாளும் அவர் காதில் விழுந்ததில்லை. புருஷனுக்குச் சத்தம் ஆகாது என்று எவ்வளவு பதமாகச் செய்கிறாள் என நினைத்து அவர் பலமுறை நெகிழ்ந்திருக்கிறார். நெகிழ்ந்ததை அவளிடம் சொன்னதில்லை.

அன்று கடையில் முதலாளியம்மா ஒரு மடக்கு குடித்துவிட்டுக் கண்ணை மூடினார்.

"யாரோட கைப்பக்குவம் சார் இது?"

அவர் வாய் நிறையச் சாப்பாடு இருந்தது.

"சாரே பண்ணியிருப்பார் மேடம்," என்றாள் பில் போடும் பெண். "அக்காதான் விடிஞ்சதும் வண்டி ஓட்டச் சொல்லிக் குடுக்கப் போயிடுவாங்களே. வீட்டுல வேற யாரு இருக்கா?"

வாயில் இருந்ததை அவர் விழுங்கினார். விழுங்கிய பிறகும் பேசவில்லை. எல்லாரும் அவரையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். இத்தனை வருஷத்தில் யாரும் அவரை அப்படிப் பார்த்ததில்லை. அவர் முன்னால் உட்காருபவர்கள் அவரைத் தாண்டிச் சுவரில் இருக்கும் எழுத்துகளைத்தான் பார்ப்பார்கள். அந்தச் சுகத்தில் தலை லேசாக ஆடிவிட்டது. அது ஆமாம் என்று ஆடியதா இல்லை என்று ஆடியதா என்று பிற்பாடு தனக்குள்ளேயே வாதாடிப் பார்த்தார். எடுபடவில்லை.

மறுநாள் முதலாளியம்மா அவர் கண் பரிசோதிக்கும் இருட்டறைக்கே வந்தார்.

"மிச்சத்தை அப்பாவுக்குக் கொண்டுபோனேன் சார். பல்லெல்லாம் எடுத்ததுல இருந்து எதைக் குடுத்தாலும் மூஞ்சியைத் திருப்பிக்கிறார். ஆளே பாதியாயிட்டார். இதை மட்டும் டம்ளரை வழிச்சுக் குடிச்சார். ஞாயித்துக்கிழமை அவரைக் கூட்டிட்டு உங்க வீட்டுக்கு வர்றேன். எனக்குக் கத்துக் குடுத்துடுங்க."

அப்போதாவது சொல்லியிருக்கலாம். "சரிங்க மேடம்" என்றார்.

அன்று வீட்டுக்கு வந்ததும் மனைவியிடம் பேச்சோடு பேச்சாகக் கேட்டார்.

"அந்த ஸ்மூத்தி எப்படிப் பண்ணுவ?"

வண்டி பழகுகிறவர்களுக்குப் பக்கத்தில் உட்காரும் அவள் காலடியில் எப்போதும் இன்னொரு பிரேக் இருக்கும். அதனாலேயே எதற்கும் பதற மாட்டாள். பதில் முந்திக்கொண்டு வரும். அன்று பதிலுக்குப் பதில் கேள்விதான் வந்தது.

"எதுக்குக் கேக்கறீங்க?"

"சும்மாதான்."

"கல்யாணம் ஆனதுல இருந்து சமையல்கட்டுல எட்டிப் பார்க்காதவர், இப்ப என்ன சும்மா?"

"என்னென்ன போடணும்?"

"பழம்தான் போடுவாங்க. வேற என்ன போடுவாங்க?"

"எவ்வளவு?"

"அதெல்லாம் கைப்பக்குவங்க. சொல்லிக் குடுத்து வராது." எழுந்து போய்விட்டாள்.

பூனை குறுக்கே வந்தால் ஸ்டியரிங்கை விட்டுவிட்டுக் கண்ணைப் பொத்திக்கொள்கிற ஆட்களையெல்லாம் நெடுஞ்சாலையில் ஓட்ட வைத்தவள். ஒரு டம்ளர் பானத்தைச் சொல்லித்தர முடியாது என்கிறாள். கடையில் நடந்தது அவள் காதுக்கு எட்டிவிட்டது, அதுதான் கோபம் என்று அவர் முடிவு கட்டினார். அதற்கப்புறம் அவள் முகத்தைப் பார்க்கவே கூசியது.

ஆகவே ஞாயிறு காலை அவள் வகுப்புக்குப் போகும்வரை காத்திருந்து, சந்தையில் பழங்கள் வாங்கிவந்து, அலமாரியின் மேல்தட்டிலிருந்து பெரிய ஜாரை இறக்கினார். எவ்வளவு சுத்தமாக வைத்திருக்கிறாள், இன்றைக்குத்தான் வாங்கியது போல. முதலாளியம்மா உட்கார்ந்து பார்க்க வசதியாக மிக்ஸியைக் கூடத்து மேஜையில் வைத்தார். அதன் பலன்தான் இந்தக் கசப்பு.

சர்க்கரை போட்டார். கசப்பு போகவில்லை. பேச்சுவார்த்தை இல்லாத அண்ணனும் தம்பியும் ஒரே வீட்டில் இருப்பது போல, இனிப்பு ஒரு பக்கமும் கசப்பு ஒரு பக்கமுமாக நாக்கில் இருந்தன. வாழைப்பழம் போட்டால் சமாதானம் ஆகிவிடும் என்று தோன்றியது. போட்டார். கரண்டியைச் செருகினால் நின்றது. சுவரொட்டி ஒட்டலாம்.

இளக்குவதற்கு ஐஸ் கட்டிகளைக் கொட்டி மறுபடி ஓடவிட்டார். மிக்ஸி உறுமியது, திக்கியது, நின்றது. உள்ளே என்ன என்று பார்க்க மூடியைத் தூக்கினார். சுவிட்சை அணைக்காதது அதன் பிறகே நினைவுக்கு வந்தது.

கொஞ்சம் அவர் மூக்குக்கண்ணாடியில் விழுந்தது. மிச்சம் நேராகக் கூரைக்குப் போயிற்று.

கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தார். துடைப்பதற்கு முன்பு பார்த்ததே பரவாயில்லை. சுவரில் தெறித்ததை ஈரத்துணியால் தேய்த்தார். சின்னப் புள்ளி பெரிய மஞ்சள் வட்டமாயிற்று. அதை மறைக்கக் காலண்டரை இடம் மாற்றினார். காலண்டர் இருந்த இடத்தில் சுண்ணாம்பு உதிர்ந்த ஓட்டை பல்லைக் காட்டியது. கூரை எட்டவில்லை. காற்றிலாவது காயட்டும் என்று மின்விசிறியைப் போட்டார்.

விசிறியின் இறக்கைகள்மீதும் கொஞ்சம் தங்கியிருக்கிறது என்பது அது சுற்றத் தொடங்கியதும் தெரிந்தது. சோபா, புத்தக அலமாரி, ஜன்னல் திரை என்று அது பாரபட்சம் பார்க்கவில்லை. அந்த நேரம் பார்த்துக் கதவு திறந்தது.

மனைவி வாசலில் நின்றாள். அவள் நெற்றியில் ஒரு சொட்டு வந்து உட்கார்ந்தது. நடந்துபோய் விசிறியை அணைத்தாள். விரலால் நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள்.

"என்னங்க இது?"

"ஸ்மூத்தி."

"இதுவா?"

அவர் தலையைக் குனிந்துகொண்டு எல்லாவற்றையும் சொன்னார். சாப்பாடு நிறைந்த வாய், ஆடிய தலை, பல் எடுத்த பெரியவர், எல்லாம். அவள் திட்டுவாள் என்று காத்திருந்தார். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவள் நாற்காலியின் நுனியில் உட்கார்ந்து கார் சாவியைக் கையில் உருட்டிக்கொண்டே இருந்தாள். அந்த மௌனத்தின் கனம் அவருக்குத் தாங்கவில்லை. இத்தனை காலம் தன் மௌனத்தை இவள் எப்படித் தாங்கினாள் என்று முதல்முறையாக யோசித்தார்.

"அவங்க வந்ததும் உண்மையைச் சொல்லிடறேன். அது உன் கைப்பக்குவம்னு."

அவள் சட்டென்று நிமிர்ந்தாள். "வேண்டாங்க."

"சொல்லியே ஆகணும்."

"யாரு பண்ணா என்ன? நீங்க பண்ணதாவே இருக்கட்டும். நான் ஒண்ணும் நினைச்சுக்க மாட்டேன்."

இவ்வளவு பெரிய மனசா? அவருக்கு அங்கேயே பூமி பிளந்து உள்ளே போய்விடலாம் போல இருந்தது.

"போன் பண்ணி, எனக்கு உடம்பு சரியில்லன்னு சொல்லிடுங்களேன்," என்றாள் மெதுவாக.

"இன்னொரு பொய்யா? போதும்மா."

அழைப்பு மணி அடித்தது.

முதலாளியம்மா உள்ளே வந்து கூரையைப் பார்த்தார், சோபாவைப் பார்த்தார், நாகரிகமாக எதையும் பார்க்காதது போல உட்கார்ந்தார். பின்னாலேயே பெரியவர். கன்னம் ஒட்டி, சட்டைக்குள் ஆள் இருக்கிறாரா என்று தேட வேண்டியிருந்தது. கையில் வீட்டிலிருந்தே கொண்டுவந்த டம்ளர்.

அந்த டம்ளரைப் பார்த்ததும் கண்ணாடிக்காரரின் வாய் தானாகத் திறந்தது.

"மேடம், அது நான் பண்ணது இல்ல. இவ பண்ணது. நீங்க கேட்டப்ப நான் பேசாம இருந்துட்டேன். பேசாம இருந்ததும் பொய்தான். மன்னிச்சுடுங்க."

அவர் ஆயுளில் பேசிய நீளமான பேச்சு அது. முதலாளியம்மாவின் முகம் மலர்ந்தது.

"பொண்டாட்டி பேரை இப்படி நாலு பேர் முன்னாடி சொல்ற ஆம்பளை எத்தனை பேர் இருக்காங்க? விடுங்க சார்." மனைவி பக்கம் திரும்பினார். "அப்ப நீங்கதான் எனக்கு டீச்சர். ஆரம்பிக்கலாமாம்மா?"

மனைவியின் வலது கால் தரையில் எதையோ தேடி அழுத்தியதைக் கண்ணாடிக்காரர் பார்த்தார். அங்கே பிரேக் இல்லை.

"பழம்... பழத்தையெல்லாம் இவர் வீணாக்கிட்டாரே. இருங்க, நான் ஓடிப்போய் வாங்கிட்டு வந்துடறேன்." உள்ளே போனவள் துணிப்பையோடு வந்தாள். கதவை எட்டுவதற்குள் அவர் பையைப் பிடித்துக்கொண்டார்.

"நீ உக்காரு. நான் போறேன்."

"இல்லங்க, நான் போறேன்."

"என்னால நீ பட்டது போதும்." பையை வாங்கிக்கொண்டார். அதைக் கொடுக்க அவள் விரல்களுக்கு மனமே இல்லை.

"அப்ப சந்தைக்கே போங்க," என்றாள் பின்னாலேயே வந்து. "முனைக்கடைக்கு வேண்டாம். அங்க பழம் நல்லாவே இருக்காது."

"நானும் வர்றேன்," என்றார் பெரியவர். பல் இல்லாததால் பாதி காற்றாக வந்தது. டம்ளரை விடாமல் கூடவே கிளம்பிவிட்டார்.

இருவரும் பேசாமல் நடந்தார்கள். பேசாமல் நடக்க ஒரு துணை கிடைத்ததில் கண்ணாடிக்காரருக்கு நிம்மதியாக இருந்தது. கூனிக் கிடந்த மனசு கொஞ்சம் நிமிர்ந்திருந்தது. இனிமேல் அவளைப் பற்றி நெகிழ்வதை அவளிடமே சொல்லிவிட வேண்டும் என்று தீர்மானித்தார். முனைக்கு வந்தபோது பெரியவருக்கு மூச்சு வாங்கியது. சந்தை இன்னும் தூரம். வேறு வழியில்லாமல் கண்ணாடிக்காரர் முனைக்கடையிலேயே நின்றார்.

பழம் ஒன்றும் மோசமாகத் தெரியவில்லை. கடைக்கார அம்மா ஒரு ஸ்டூல் எடுத்துப் போட்டுப் பெரியவரை உட்கார வைத்தார்.

"மாம்பழம், அன்னாசி, வாழைப்பழம், மூணுலயும் நல்லதாப் பார்த்துக் குடுங்கம்மா," என்று சொல்லிவிட்டுக் கண்ணாடிக்காரர் பையை விரித்தார். உள்ளே நீல ஃபிளாஸ்க் இருந்தது. பதற்றத்தில் அதையும் சேர்த்துப் போட்டிருக்கிறாள், பாவம்.

கடைக்கார அம்மா எட்டிப் பார்த்தார். "இது டிரைவிங் அக்கா ஃபிளாஸ்க் ஆச்சே. அவங்க வீட்டுக்காரரா நீங்க?"

"ஆமாம்மா." அவர் பெரியவரும் கேட்கும்படி குரலை உயர்த்தினார். ஒருமுறை வாய் திறந்தாயிற்று, இனி மூடுவதாக இல்லை. "இந்த ஐயாவுக்கு அவ கையால ஸ்மூத்தி பண்ணித் தரப்போறா. அவ கைப்பக்குவம் யாருக்கும் வராது."

கடைக்கார அம்மா கையிலிருந்த மாம்பழத்தைக் கூடையில் திரும்ப வைத்துவிட்டு, பைக்குள் கைவிட்டு ஃபிளாஸ்க்கை எடுத்து அலசினார்.

"அப்ப பழம் எதுக்கு சார்? அக்காவுக்கு எப்பவும் போடுற மாதிரியே அடிச்சு இதுல ஊத்தித் தர்றேன்."