நீதிபதிக்கு ஒரு பொன்னாடை

நீதிபதிக்குப் பொன்னாடை போர்த்தப் போய் ஜெயிலுக்குள் போகப் பார்த்த ஒரே ஆள் நானாகத்தான் இருப்பேன். (பெருமைக்காகச் சொல்லவில்லை. நான் சொல்லாவிட்டால் செல்வி அண்ணி சொல்லிவிடுவார்.)

செல்வி அண்ணி என் பெரியப்பா மகனின் மனைவி. அண்ணன் துபாயில் இருந்த காலம் அது. வேப்பந்தட்டைப் பக்கம் இருந்த வெங்காயக் காட்டை அண்ணிதான் பார்த்துக்கொண்டார். அதற்கு என் காட்டு வழியாகத்தான் வண்டி போக வேண்டும். ஏதோ வரப்புத் தகராறில் எனக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வர, பாதையில் கருவமுள்ளை வெட்டிப் போட்டு அடைத்துவிட்டேன். அண்ணி சண்டைக்கு வரவில்லை. பெரம்பலூர் கோர்ட்டுக்குப் போய், நான் முள்ளை எடுக்க வேண்டும் என்று உத்தரவு வாங்கிவந்தார். அதையும் நான் காதில் போட்டுக்கொள்ளவில்லை. அண்ணி காட்டிலோ பிடுங்கிய சின்ன வெங்காயம் குவியலாகக் கிடக்க, வானம் மூட்டம் போட ஆரம்பித்தது.

என் வக்கீல் பக்கத்துக் கடைக்குப் போன் போட்டு என்னைக் கூப்பிட்டார்.

"கோர்ட்ட அவமதிச்சுட்டீங்கன்னு அந்தம்மா மனு போட்டுருக்காங்க. உள்ள வச்சிடுவாங்க. வியாழக்கிழமை வந்து கோர்ட்டுக்கு உரிய மரியாதைய குடுத்துடுங்க."

மரியாதை என்றால் எங்கள் பக்கம் பொன்னாடையும் எலுமிச்சம்பழமும்தான். பச்சையில் ஜரிகை போட்டதாகப் பார்த்து வாங்கினேன். என் பேரைக் கூப்பிட்டதும் அதை விரித்துப் பிடித்தபடி நேராக நீதிபதியை நோக்கி நடந்தேன். (மேளக்காரரைக் கூட்டிப்போகாதது நான் செய்த புண்ணியம்.) டவாலி பாய்ந்து வந்து மறித்தார். என் வக்கீல் குனிந்துகொண்டு, இல்லாத காகிதத்தைத் தேடினார்.

"என்னங்க இது?" என்றார் நீதிபதி.

"மரியாதைங்கய்யா."

"முள்ள எடுத்தீங்களா?"

"அது இன்னும் இல்லைங்கய்யா."

கோர்ட்டே சிரித்தது. அவர் சிரிக்கவில்லை. "உத்தரவுப்படி நடக்கறதுதான் கோர்ட்டுக்கு மரியாதை" என்றவர் அண்ணியைப் பார்த்தார். "இவர ஜெயிலுக்கு அனுப்பணும்னு கேக்குறீங்களாம்மா?"

எனக்கு வேட்டி நழுவாத குறை.

அண்ணி குரலை உயர்த்தவே இல்லை. "இவரு உள்ள போயிட்டா முள்ள யாருங்கய்யா எடுக்கிறது? மழைக்கு முந்தி என் வெங்காயம் வெளிய வரணும். இன்னைக்கே எடுக்கச் சொல்லுங்க, போதும்."

கையில் சிக்கியவனை விட்டுவிட்டு வெங்காயத்தைப் பிடித்துக்கொண்டாரே, அந்தப் புத்தியை இன்றைக்கும் வியக்கிறேன். அவர் இடத்தில் நான் இருந்தால் ஜெயிலைத்தான் கேட்டிருப்பேன். அன்று சாயங்காலமே கையெல்லாம் கீறலோடு முள்ளை இழுத்துப் போட்டேன். கடைசி மூட்டையோடு டிராக்டர் ரோடு ஏறியபோது தூறல் விழுந்தது.

"வூட்டுக்கு வாங்க தம்பி, டீ குடிச்சிட்டுப் போவலாம்" என்றார் அண்ணி, எதுவுமே நடக்காததுபோல.

பொன்னாடையை வெட்கத்தில் கோர்ட் பெஞ்சிலேயே விட்டு வந்திருந்தேன். பல வருடம் கழித்து என் மகள் கல்யாணத்தில், சம்பந்தி வீட்டார் முன்னால், அண்ணி பையிலிருந்து அதே பச்சைப் பொன்னாடையை எடுத்து என் தோளில் போர்த்தினார்.

"எங்களுக்குப் பாதை விட்டவருங்க" என்று முகம் மாறாமல் அறிமுகமும் செய்துவைத்தார்.

சம்பந்தி மரியாதையாக எழுந்து என்னைக் கும்பிட்டார். ஊருக்கே சொந்த நிலத்தில் ரோடு போட்டுக் கொடுத்தவர் என்று இன்றுவரை எல்லோரிடமும் என்னைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருக்கிறார். அவரிடம் மட்டும் உண்மையைச் சொல்ல அண்ணி என்னை விடுவதில்லை.