முதலாவதாகப் போன கறித்தூள்

வியாழக்கிழமை எனக்கு ஒரேயொரு வேலைதான் இருந்தது. மில்லுக்குப் போய்க் கறித்தூள் அரைத்துக்கொண்டு வரவேண்டும்.

மாத்தளை டவுன் மில்லுக்கு எங்கள் வீட்டிலிருந்து நடந்தால் பத்து நிமிடம். என் முழங்காலோடு நடந்தால் இருபது. இதில் பிழையாகிப் போக என்ன இருக்கிறது?

மெல்பனிலிருந்து வந்திருந்த என் மகள் மலர் ஞாயிற்றுக்கிழமை திரும்பிப் போகவேண்டும். அங்கே அவளுடைய இரண்டு பிள்ளைகளும், என் தூள் போட்ட கோழிக்கறி இல்லாவிட்டால் சோற்றைத் தள்ளி வைத்துவிடுவார்களாம். போன முறை கொண்டுபோனது முடிந்து இரண்டு மாதம். அந்த வீட்டில் தினமும் சாப்பாட்டு மேசையில் சண்டை. அதனால் பெட்டியில் மூன்று கிலோவுக்கு இடம் ஒதுக்கி வைத்திருந்தாள்.

அதோடு நிறுத்தியிருக்கலாம்.

"அம்மா, பிள்ளைகளுக்குக் காட்டணும். நம்ம வீட்டுச் சமையலோட வரலாற நீங்களே சொல்லுங்க" என்று போனை என் முகத்துக்கு நேரே பிடித்தாள்.

வரலாறு! நான் கல்லூரியில் வரலாறு படித்தவள். அதற்குப் பிறகு முப்பது வருடம் நூலகத்தில் இருந்தவள். யாராவது வாய்தவறி வரலாறு கேட்டால், அவருடைய பஸ் போகும்வரை விடமாட்டேன்.

மல்லியை வறுத்துக்கொண்டே தொடங்கினேன். "இந்த ருசி என் மாமியாருடைய மாமியாரிடமிருந்து வந்தது. அவர் அம்மியில் அரைத்தார். என் மாமியார் உரலில் இடித்தார். நான் மில்லுக்குக் கொண்டுபோகிறேன். ஆயுதம் மாறியது, அளவு மாறவில்லை. வீடுகள் இடிந்துபோகும், மனிதர்கள் போய்விடுவார்கள், ஒரு குடும்பத்தின் வாசனை மட்டும் போகாது."

கடைசி வசனம் எனக்கே பிடித்துவிட்டது. இன்னொரு தரம் சொன்னேன்.

"அம்மா, மல்லி கருகுது" என்றாள் மலர்.

மில்லுக்குப் போகிற எவருக்கும் தெரிந்த விஷயம் ஒன்று உண்டு. ஒருவர் அரைத்து முடித்ததும் மெஷினுக்குள் கொஞ்சம் தங்கிவிடும். அது அடுத்தவருடைய தூளோடு சேர்ந்து விழும். அதனால் யாருக்குப் பின்னால் வாளியை வைப்பது என்று பார்த்துத்தான் வைக்கவேண்டும். கோப்பிக்குப் பின்னால் வைத்தால் மீன்குழம்பு கோப்பி மணக்கும். கொச்சிக்காய்க்குப் பின்னால் வைத்தால் வீடே தண்ணீர்ப் பானையைத் தேடும்.

நான் எப்போதும் ரஹீமாவுக்குப் பின்னால். ரஹீமா எங்கள் ஒழுங்கையில் மூன்றாவது வீடு. இதற்குப் பெரிய காரணம் எதுவும் இல்லை. அவர் காலையில் எழும்பி வேலை செய்வார். நான் காலையில் எழும்பிக் கவலைப்படுவேன். அதனால் அவருடைய வாளி முன்னால் போகும், என்னுடையது பின்னால் போகும்.

அன்று மட்டும் எனக்கு ரோசம் வந்துவிட்டது. கடல் கடந்து போகிற வரலாறு கலப்படமில்லாமல் போகவேண்டாமா?

மில்லை நடத்துகிற சிறில், வழக்கம்போல் காலையில் ஒரு பிடி பச்சையரிசியை ஓடவிட்டு மெஷினைச் சுத்தம் செய்து முடித்திருந்தார். ரஹீமாவின் வாளி முதலாவதாக இருந்தது.

"ரஹீமா, இன்னைக்கி நான் முன்னுக்குப் போறேன். உங்க தூள் என் தூள்ல கலக்கக்கூடாது பாருங்க. கோவிச்சுக்காதீங்க."

"ஐயோ, நான் என்னத்துக்கு மிஸ் கோவிக்கிற? தாராளமா போங்க" என்று தன் வாளியைத் தானே பின்னால் இழுத்து வைத்தார்.

வயதுக்கு மரியாதை தருகிறார் என்று நினைத்துக்கொண்டேன்.

"அம்மா, மெஷினப் பாத்துச் சிரிங்க" என்றாள் போனோடு கூடவே வந்திருந்த மலர். சிரித்தேன். மூக்குக்கண்ணாடி முழுக்கத் தூள்.

பகல் கோழிக்கறி வைத்தேன். மலர் ஒரு வாய் சாப்பிட்டாள். மெதுவாகப் போனைக் கீழே வைத்தாள்.

"அம்மா, உங்களுக்கு ஏதும் சுகமில்லையா?"

"ஏன்?"

"ஆஸ்பத்திரிக் கறி மாதிரி இருக்கு."

நானும் வாயில் வைத்துப் பார்த்தேன். நிறம் இருந்தது, மணம் இருந்தது, மிளகு தன் கடமையைச் செய்தது. ஆனால் கறி எதுவும் பேசவில்லை.

"மல்லிதான் பிழை. இந்த வருசத்து மல்லியே சரியில்ல" என்றேன். வரலாற்றில் தோற்றவர்கள் எல்லாரும் இப்படித்தான் தொடங்குவார்கள்.

வெள்ளிக்கிழமை புது மல்லி வாங்கி, இன்னும் கறுப்பாக வறுத்தேன். புகையைப் பார்த்து எதிர்வீட்டு மனிதர் தண்ணீர் வாளியோடு ஓடிவந்தார். விடுவேனா? மறுபடியும் மில். மறுபடியும் நானே முதலாவது. மறுபடியும் கோழி.

மலர் சாப்பிட்டுவிட்டு யோசித்தாள்.

"நேத்து ஆஸ்பத்திரி. இன்னைக்கி ஆஸ்பத்திரி எரிஞ்ச மாதிரி."

பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டு, "பரவாயில்லம்மா, அந்த எடத்துல ஒரு சோடி சப்பாத்து வச்சுக்கிறேன்" என்றாள்.

நாலு தலைமுறை வாசனை இருக்கவேண்டிய இடத்தில் சப்பாத்து! என் கண் கலங்கியது. மிளகென்று சொல்லிச் சமாளித்தேன். அன்று பின்னேரமே மில்லுக்குப் போய்ச் சிறிலிடம் சண்டை பிடித்தேன்.

"உங்க மெஷின்ல என்னமோ பிழை!"

"அனே மிஸ், மெஷின் சரி" என்றார் சிறில். "மிஸ் எப்பவும் ரஹீமா நோனாவுக்குப் பின்னால வாறது. இப்ப ரெண்டு நாள் முன்னுக்கு வாறது. அப்ப அந்த டேஸ்ட் எங்கயிருந்து வாறது?"

வாளியோடு நின்றவர்கள் எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். மெஷின்கூட நின்றிருந்தது.

திரும்பிப் பார்த்தேன். மலர் போனைப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

"அத நிப்பாட்டு!"

"வரலாறும்மா" என்றாள்.

வேறு வழியில்லை. ரஹீமாவின் வாசலில் போய் நின்றேன்.

"ரஹீமா, நாளைக்கிக் கொஞ்சம் தூள் அரைக்கிறீங்களா?"

"நேத்துத் தானே மிஸ் அரைச்ச."

"தெரியும். எனக்கு... உங்களுக்குப் பின்னால போகணும்."

அவருக்கு விளங்க ஒரு நிமிடம் எடுத்தது. விளங்கியதும் முக்காட்டு நுனியை வாயில் வைத்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார்.

"அல்லாவே! இத்தின வருசமா மிஸ் திண்டது என்ட தூளா!"

"நாளைக்கி வருவீங்களா, மாட்டீங்களா?"

"வாரன். ஆனா முன்னுக்குப் போக மாட்டேன்."

"ஏன்?"

ரஹீமா குரலைத் தாழ்த்தினார். "தனியா அரைச்சா எனக்கும் சரிவாரதில்ல மிஸ். நான் எப்பவும் பலாபத்வல ஊர்லயிருந்து பஸ்ல வாற அந்த சிங்கள அக்காவுக்குப் பின்னால தான். நேத்தும் நீங்க போன பொறகு, அவ வாற மட்டும் பாத்துக்கிட்டு ஈந்தேன்."

சனிக்கிழமை நல்ல மழை. மில்லில் வேறு ஒருவரும் இல்லை. நானும் ரஹீமாவும் வாளிகளோடு வாங்கில் உட்கார்ந்திருந்தோம். மலர் நின்றாள். மறுநாள் விமானம்.

பத்து மணி பஸ்ஸில் பலாபத்வல அக்கா வந்து இறங்கினார். குடையை மடக்கினார். எங்களைப் பார்த்துச் சிரித்தார். தன் வாளியைக் கொண்டுபோய் எங்கள் வாளிகளுக்குப் பின்னால் வைத்தார்.

"நீங்க முன்னுக்குப் போங்க அக்கா" என்று ரஹீமா சிங்களத்தில் உபசாரம் செய்தார்.

"ஐயோ, வேணாம். நீங்கதானே முதல்ல வந்தீங்க" என்று அவரும் சிங்களத்தில் சொன்னார். பிறகு, சொன்னால் என்ன என்று நினைத்தவர்போல, "நாலு பேராவது அரைச்ச பிறகுதான் நான் வாறது. பத்து மணிக்கு முந்தி நான் இங்க வந்ததே இல்ல. பாத்திருப்பீங்களே!" என்றார்.

மூன்று பேரும் வாங்கில் உட்கார்ந்தோம். ஒருவரும் எழும்பவில்லை. மழை தகரத்தில் பெய்துகொண்டே இருந்தது.

"நீங்க போங்க."

"சீ, நீங்க மூத்தவங்க."

"அதெல்லாம் பாக்காதீங்க."

பத்தேமுக்காலுக்குச் சிறிலின் பொறுமை போய்விட்டது.

"பதினொன்டுக்குக் கரன்ட் கட்! யாராவது ஒரு ஆள் முன்னுக்குப் போகணும் தானே!"

யாரும் அசையவில்லை. சிறில் வந்தார். மூன்று வாளிகளையும் தூக்கினார். பெரிய பேசின் ஒன்றில் மூன்றையும் கொட்டி, கையால் கிளறி, மெஷினில் போட்டுவிட்டார்.

"ஐயோ!" என்று மூன்று மொழிவழக்கில் கத்தினோம்.

தூள் விழத் தொடங்கியது. வாசனை வந்தது. மூன்று பேரும் வாயை மூடிக்கொண்டோம்.

பகல் மலர் ஒரு வாய் சாப்பிட்டாள். இரண்டாவது தரம் சோறு போட்டாள். மூன்றாவது தரம் சட்டியையே கிட்ட இழுத்துக்கொண்டாள். "இதுதாம்மா, இதேதான்!" என்று சட்டியின் ஓரத்தை வழித்தாள்.

சப்பாத்து பெட்டியிலிருந்து வெளியே வந்தது. பொதிகளைக் கட்டி, ஒவ்வொன்றின் மேலும் மலர் அழகான எழுத்தில் எழுதி ஒட்டினாள்: "எங்கள் குடும்பத்துக்கு மட்டுமே உரிய கறித்தூள்."

முப்பது வருடம் நூலகத்தில் பிழை திருத்தியவள் நான். அன்று கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டேன்.